சுந்தரேஸ்வரி அக்கா நீக்கிய ஒரு வாக்கியம்

நான் முதன்முதலாகப் பார்த்தபோது சுந்தரேஸ்வரி அக்கா ‘லைசென்ஸ்’ என்ற ஆங்கிலச் சொல்லுக்கு ஈடாக இன்னொரு சொல்லைத் தேடிக்கொண்டிருந்தார். கோவில்பட்டியில் ஒரு ஜெராக்ஸ் கடை, அதற்கு மேலே தகரக் கூரை போட்ட மாடி, அங்கே நான்கு கணினிகள். மதிய வெயிலில் தகரம் விட்டு விட்டு முனகியது. அக்கா திரையைப் பார்க்கவில்லை. மடியில் நீளமான நோட்டு ஒன்றை விரித்து வைத்து, ஒரு பக்கம் முழுக்க எழுதியிருந்த சொற்களின் மேல் விரலை நகர்த்திக்கொண்டிருந்தார். பர்மிட், ஆத்தரைசேஷன், கன்சென்ட், கிராண்ட். ஒவ்வொன்றிலும் ஒரு நொடி நின்று, தலையை லேசாக ஆட்டி, அடுத்ததற்குப் போனார்.

ஏழு வருடம் ஊர் ஊராகச் சுற்றிவிட்டு அப்போதுதான் வீடு திரும்பியிருந்தேன். ஜார்ஜியாவில் விடுதிச் சமையலறை, நியூசிலாந்தில் ஆப்பிள் தோட்டம், நடுவில் எத்தனையோ பேருந்துகள். வந்த மூன்றாம் நாளே வீட்டில் இருக்க முடியவில்லை. ஆங்கிலம் தெரிந்த ஆள் வேண்டும் என்று ஜெராக்ஸ் கடைக்காரர் பூவனநாதன் சொன்னார் என்பதற்காகப் போனேன். மூன்று வாரம் இருக்கலாம் என்பதுதான் என் எண்ணம்.

வேலை இதுதான். வெளிநாட்டில் யாரோ ஒருவர், தொழிற்சாலைகளில் எந்திர பாகங்களை வரையவும் வெட்டவும் பயன்படும் மென்பொருளைப் பற்றி ஒரு கட்டுரை அனுப்புவார். அந்த மென்பொருளுக்கு வாங்கும் உரிமம் எதை அனுமதிக்கும், எதை அனுமதிக்காது என்று அதில் இருக்கும். அந்த ஒரு கட்டுரையை எட்டாக்கித் திருப்பி அனுப்ப வேண்டும். விஷயம் அப்படியே இருக்க வேண்டும், சொற்கள் மட்டும் மாற வேண்டும். எட்டு இணையதளங்களில் எட்டுப் பேர் தனித்தனியாக எழுதியதுபோல் அவை போய் உட்கார்ந்துகொள்ளும். எழுதி முடித்ததைச் சோதனைப் பக்கம் ஒன்றில் ஒட்டினால், மூலத்தோடு எத்தனை சதவீதம் ஒத்துப்போகிறது என்று காட்டும். பதினைந்தைத் தாண்டினால் சிவப்பு. சிவப்புக்குக் கூலி கிடையாது. இதையெல்லாம் இப்போது எந்திரமே எழுதிவிடுகிறதே என்று கேட்டேன். எந்திரம் எழுதியதைக் கண்டுபிடிக்க இன்னொரு எந்திரம் வந்துவிட்டது, அதனால் இந்த ஒரு வாடிக்கையாளருக்குக் கையால் எழுதியதுதான் வேண்டும் என்றார் பூவனநாதன்.

இது ஒரு வேலையா என்றுதான் எனக்குத் தோன்றியது. முதல் கட்டுரையை ஒரு மணி நேரத்தில் முடித்தேன். பச்சை வந்தது. அக்கா என் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து மூலத்தையும் என்னுடையதையும் வரி வரியாகப் படித்தார். நாலாவது வரியில் விரலை வைத்தார். ‘மே’ என்று இருந்ததை நான் ‘மஸ்ட்’ என்று மாற்றியிருந்தேன்.

“ஏட்டி, நீ இத்தனை நாடு பாத்துட்டு வந்திருக்கே. ஒருத்தர் ‘உள்ள வரலாம்’னு சொல்லுதாவ. இன்னொருத்தர் ‘உள்ள வரணும்’னு சொல்லுதாவ. ரெண்டு வீட்டுக்கும் நீ ஒரே மாதிரியா போவே?”

நான் சிரித்தேன். அக்கா சிரிக்கவில்லை. மூலத் தாளில் சில சொற்களைச் சிவப்பு மையால் வட்டமிட்டுக் காட்டினார். மட்டும், தவிர, வரை, இல்லாவிட்டால், பிறகு, எண்கள் எல்லாம். இவற்றை அசைக்கக் கூடாது, மற்றதை எல்லாம் நகர்த்திக்கொள் என்றார். பிறகு தன் இடத்துக்குப் போய்விட்டார்.

அன்றிலிருந்து நான் வேலையைவிட அக்காவைத்தான் அதிகம் கவனித்தேன். மூன்று வாரம் மூன்று மாதமாயிற்று.

அக்கா எப்போதும்வென்றான் என்ற ஊருக்குப் பக்கத்தில் ஆட்டுக்கிடை போடுகிற குடும்பத்தில் பிறந்தவர். அறுவடை முடிந்த கரிசல் காட்டில் செம்மறிகளை அடைத்துவைத்து நிலத்துக்கு உரம் கொடுப்பார்கள். பல வீட்டு ஆடுகள் ஒரே கிடையில் கலந்து நிற்கும். விடிந்ததும் அவரவர் ஆட்டை அவரவர் பிரித்துக்கொள்ள வேண்டும். எனக்கு எல்லாம் ஒரே ஆடாகத்தான் தெரியும் என்றேன். அக்காவுக்கு அது புரியவே இல்லை. அது எப்படி ஒன்றாகத் தெரியும், ஒன்றுக்குக் காது மடங்கியிருக்கும், ஒன்று நடக்கும்போது முன்னங்காலைத் தள்ளி வைக்கும், ஒன்றுக்கு மூக்கில் நிறம் விட்டிருக்கும் என்று அடுக்கிக்கொண்டே போனார். சொற்களையும் அவர் அப்படித்தான் பார்த்தார் என்று நான் நினைக்கிறேன். அவர் அப்படிச் சொன்னதில்லை.

ப்ளஸ் டூவில் ஆங்கிலத்தில் அவர் எடுத்தது நாற்பத்தொன்று. கடம்பூரில் வாக்கப்பட்டார். கணவர் முத்துசெல்வம் லோடு வண்டி ஓட்டுகிறார். அக்கா ஆறு வருடம் தீப்பெட்டி ஆபீஸில் குச்சி அடுக்கினார். பிறகு டைப்ரைட்டிங் படித்துவிட்டு பூவனநாதனிடம் மனு அடித்துக் கொடுக்கும் வேலைக்கு வந்தார். 2013இல் இந்த ஆங்கில வேலை வந்தபோது, விரல் வேகமாகப் போகிறது என்ற ஒரே காரணத்துக்காகப் பூவனநாதன் அதை அக்காவிடம் கொடுத்தார். பழைய பேப்பர் கடையில் எடைக்குக் கிடந்த தடித்த அகராதி ஒன்றை வாங்கிவந்து அக்கா ஆரம்பித்தார். வெள்ளைக்காரன் காலத்து அகராதி. அதனால்தான் ‘வொர்க்‌ஷாப்’ என்று வருகிற இடத்திலெல்லாம் அக்கா அவ்வப்போது ‘ஸ்மித்தி’ என்று போடுவார். கொல்லுப்பட்டறை என்று பொருள். கொல்லுப்பட்டறைக்கான கணினி மென்பொருள் என்று படித்தபோது எனக்கு வயிறு வலிக்கச் சிரிப்பு வந்தது. சோதனைப் பக்கமோ அந்தச் சொல்லை உலகத்தில் யாரும் போடவில்லை என்பதால் ஒவ்வொரு முறையும் பச்சையைக் காட்டியது.

எல்லாவற்றையும் முதலில் கையால் எழுதுவார். நோட்டின் இடது பக்கம் மூல வாக்கியம், வலது பக்கம் தன் வாக்கியம், மேலே தேதி. எதற்கு இந்த இரட்டை வேலை என்று கேட்டேன். எழுதினால்தான் எந்தச் சொல் எந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது என்று தெரிகிறது என்றார். இரும்பு அலமாரியில் அப்படி முப்பத்தொரு நோட்டுகள் இருந்தன. அவற்றைப் புரட்டிப் பார்த்த நாளை நான் மறக்க முடியாது. பதினோரு வருடமாக இந்தப் பெண், தான் ஒருமுறைகூடக் கண்ணால் பார்த்திராத ஒரு பொருளுக்கான உரிமங்களைப் பற்றி மட்டுமே எழுதியிருக்கிறார். ஒவ்வொரு விதியையும் நூறு விதமாக. முதல் நோட்டில் சொற்கள் தடுமாறின. பத்தாவது நோட்டில் ஓரத்தில் தமிழில் கேள்விகள்: ‘ஆள் மாறினால்?’, ‘கம்பெனியை வித்தால்?’ இருபதாவது நோட்டில் அந்தக் கேள்விகளுக்கு அவரே பதில் எழுதியிருந்தார். யாரும் கற்றுத்தரவில்லை. மாற்றி மாற்றி எழுதியே உள்ளே போயிருந்தார்.

ஆவணி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை. டீ குடிக்க நாங்கள் இருவரும் கீழே இறங்கினோம். ஜெராக்ஸ் எந்திரத்துக்கு முன்னால் அழகிரிசாமி அண்ணாச்சி நின்றிருந்தார். எட்டயபுரம் ரோட்டில் பட்டறை வைத்திருப்பவர். தீப்பெட்டிக்கும் கடலைமிட்டாய்க்கும் அட்டைப்பெட்டி வெட்டுகிற அச்சுகளும் எந்திர பாகங்களும் செய்துகொடுப்பார். கையில் இரண்டு தாள். வடக்கே ஒரு மென்பொருள் கம்பெனியின் வழக்கறிஞரிடமிருந்து பன்னிரண்டு நாளைக்கு முன் வந்த கடிதம் ஒன்று. அதோடு வந்த படிவம் இன்னொன்று. அவர் அந்தக் கம்பெனியின் வரைபட மென்பொருளுக்கு ஒரே ஒரு உரிமம் வாங்கிவிட்டு அதை மூன்று கணினியில் ஓட்டுகிறார், அது அவர்களுக்குத் தெரிந்துவிட்டது. ‘தெரிந்தே செய்தேன்’ என்கிற படிவத்தில் பதினைந்து நாளுக்குள் கையெழுத்துப் போட்டு, அவர்கள் சொல்கிற அபராதத்தையும் கட்ட வேண்டும். இல்லாவிட்டால் மென்பொருளை முடக்கிவிட்டு வழக்குப் போடுவார்கள். படிவத்தை நகலெடுத்துக்கொண்டு மறுநாள் கையெழுத்துப் போட்டு அனுப்பப் போவதாகச் சொன்னார். அபராதம் கட்டப் பழைய லேத் எந்திரத்தை விற்க ஆள் பார்த்துவிட்டார். தீபாவளிக்கு முன் கொடுக்க வேண்டிய அச்சுகள் பாதியில் நின்றன.

பூவனநாதன் ஆறுதலாக ஏதோ சொன்னார். அழகிரிசாமி அண்ணாச்சி பிளாஸ்டிக் கவரிலிருந்து இன்னொரு தாளை எடுத்து மேஜையில் போட்டார்.

“நான் களவாணித்தனம் பண்ணலைய்யா. வாங்குறதுக்கு முன்னாடி இண்டர்நெட்ல தேடி, படிச்சுப் பாத்து, பிரிண்ட் எடுத்துல்லா வச்சிருக்கேன். எத்தனை கம்ப்யூட்டர்ல வேணும்னாலும் போட்டுக்கிடலாம்னு தெளிவா போட்டிருக்கு. வக்கீல்கிட்ட காட்டுனேன், இது செல்லாதுங்காரு.”

அக்கா குனிந்து பார்த்தார். நானும் பார்த்தேன். மூன்றாவது வரியிலேயே அந்தச் சொல் இருந்தது. ஸ்மித்தி.

அக்கா டீ குடிக்கவில்லை. நேராக மாடி ஏறினார். நான் போனபோது அலமாரியைத் திறந்து நோட்டுகளைத் தரையில் பரப்பியிருந்தார். எட்டாவது நோட்டில் கிடைத்தது, 2017 செப்டம்பர். இடது பக்கம் பதினான்கு வாக்கியம். வலது பக்கம் பதின்மூன்று. வலது பக்கத்தில் விடுபட்டிருந்த வாக்கியத்தை அக்கா இடது பக்கத்தில் விரலால் தொட்டார். அதைத் தமிழில் சொன்னால் இவ்வளவுதான்: எத்தனை கணினியில் இருந்தாலும், ஒரே நேரத்தில் ஒன்றில் மட்டுமே திறந்திருக்க வேண்டும்.

அந்த வாக்கியத்தில் சின்னச் சின்னச் சொற்கள் மட்டுமே இருந்தன. எதற்கும் மாற்று இல்லை. எப்படிப் புரட்டினாலும் சோதனைப் பக்கம் அதைச் சிவப்பாகக் காட்டியிருக்கிறது. அன்றைக்கு எட்டுக் கட்டுரை முடிக்க வேண்டும். மாற்ற முடியாத வாக்கியத்தை அக்கா எடுத்துவிட்டிருக்கிறார். பச்சை வந்திருக்கிறது.

நான் அப்போது சொன்னதை மறைக்க விரும்பவில்லை. அந்தப் பக்கத்தில் அக்காவின் பெயர் இல்லை, யார் எழுதியது என்று யாராலும் கண்டுபிடிக்க முடியாது, எவனோ வாங்கி எங்கேயோ போட்டான், இதை நம்பிச் செய்யாதே என்று அடியில் பொடி எழுத்தில் போட்டுத்தான் இருக்கும் என்றேன். ஏழு வருடத்தில் எத்தனையோ ஊர்களில் அப்படி நகர்ந்து போய் எனக்குப் பழக்கம்.

அக்கா கேட்டுக்கொண்டுதான் இருந்தார். பிறகு நோட்டைப் பையில் வைத்தார்.

“பேரு போடாதது அவிய சௌகரியத்துக்கு. நம்பினது அண்ணாச்சில்லா. நாளைக்கு அண்ணாச்சி கையெழுத்துப் போட்டுருவாவ. நான் இப்பவே போயிட்டு வாரேன். நீ வாரியா?”

பட்டறைக்குப் போனபோது மணி நான்கு. அழகிரிசாமி அண்ணாச்சி எண்ணெய்க் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். உட்காரச் சொன்னார். அக்கா உட்காரவில்லை. நோட்டைத் திறந்து இரண்டு பக்கத்தையும் காட்டி, எது மூலம், எது தன்னுடையது, எந்த வரியை ஏன் எடுத்தார் என்று ஒரு முழு நிமிடத்தில் சொல்லி முடித்தார். எங்கும் நிற்கவில்லை. மன்னிப்பு என்ற சொல்லைக்கூடச் சொல்லவில்லை.

அண்ணாச்சி நோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் மகள் கற்பகம் கணினியிலிருந்து எழுந்து வந்தாள். பாலிடெக்னிக் முடித்துவிட்டு அப்பாவுக்கு வரைபடம் போட்டுக் கொடுக்கிறவள். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர்கள். அவள் அப்பாவிடம் தெலுங்கில் ஏதோ கேட்டாள். அவர் அக்காவைப் பார்த்துத்தான் பேசினார்.

“நீ எழுதுன பேப்பரைத்தானா தாயி நான் பிளாஸ்டிக் கவர் போட்டு சாமி படத்துக்குப் பின்னால வச்சிருந்தேன்?”

“ஆமா அண்ணாச்சி.”

“அதுல ஒரு வரிய நீ ஒளிச்சுப்புட்டே.”

“ஒளிக்கல. அப்ப எனக்கு அது என்னன்னே தெரியாது. இப்பத் தெரியும். அதான் வந்திருக்கேன்.”

அவர் எந்திரத்தின் பக்கம் திரும்பி அங்கே இருந்த இரும்புத் தூளைத் தூரிகையால் தள்ளினார். நீண்ட நேரம் தள்ளினார். எனக்கு ஓடிவிட வேண்டும்போல் இருந்தது. அக்கா அதே இடத்தில் நின்றார். கடைசியில் அவர், இனி என்ன செய்யச் சொல்கிறாய் என்று கேட்டார்.

கையெழுத்துப் போடாதீர்கள், உரிமப் பத்திரத்தைக் காட்டுங்கள் என்றார் அக்கா. அப்படி ஒன்று தன்னிடம் இல்லை என்றார் அண்ணாச்சி. அது மென்பொருளுக்கு உள்ளேயே இருக்கிறது என்றாள் கற்பகம். முதல் நாள் ஒரு ஜன்னல் திறக்கும், எல்லோரும் படிக்காமல் ‘சம்மதம்’ என்று அழுத்துவார்கள், அதுதான் பத்திரம். அதைத் தேட அவள் மென்பொருளைத் திறந்தாள். திரையில் கருநீலப் பின்னணியில் ஒரு இரும்புப் பல்சக்கரம் வந்து நின்றது. மவுஸை அசைத்ததும் அது மெதுவாகத் திரும்பி அடிப்பக்கத்தைக் காட்டியது.

அக்கா குனிந்தார்.

“இதுவா?”

இதுதான் என்றாள் கற்பகம்.

அக்கா ஒரு கையை மேஜையில் ஊன்றிக்கொண்டார். பதினோரு வருடம். முப்பத்தொரு நோட்டு. சக்கரம் இன்னொரு சுற்று திரும்பும் வரை அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். நான் பனிமலை பார்த்திருக்கிறேன், கடலுக்கு நடுவில் சூரியன் விழுவதைப் பார்த்திருக்கிறேன். ஒரு மனித முகத்தில் அப்படி ஒன்று நடப்பதை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

பத்திரம் நாற்பத்தொரு பக்கம் இருந்தது. அச்செடுத்தோம். படிக்க ஆரம்பிக்கும் முன் அக்கா ஒன்று சொன்னார். இந்த மாதிரிப் பத்திரங்களில் பின்னால் எங்காவது ஒரு விதி இருக்கும். தவறு நடந்ததாக எழுத்தில் தெரிவித்த நாளிலிருந்து முப்பது நாளுக்குள் அதைச் சரிசெய்துவிட்டால் உரிமம் செல்லும் என்று இருக்கும். சில கம்பெனி பதினைந்து நாள் கொடுக்கும். சிலது ஒன்றுமே கொடுக்காது. நான் எழுதினதில் ஐந்துக்கு ஒன்று கொடுக்காது, இது எந்த வகையோ தெரியவில்லை என்றார். அந்த விதி இருந்தால் அண்ணாச்சி தப்பினார், இல்லாவிட்டால் லேத் போனது. நாங்கள் எல்லோரும் அதைப் புரிந்துகொண்டோம்.

அன்று ஆறு மணி வரைக்கும், மறுநாள் காலையிலும் படித்தார். அந்தப் படிப்பை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நான் ஆங்கிலத்திலேயே வாழ்ந்துவிட்டு வந்தவள். மூன்றாவது பக்கத்தில் எனக்குக் கண் சொக்கியது. அக்காவோ கல்யாண வீட்டுக்குள் நுழைந்தவர்போல் போனார். இது இடத்தை நிரப்ப, இதை விடு. இது மிரட்டல், ஆனால் இதற்குப் பல் கிடையாது. இது கடைசிப் பக்கத்தில் வேறு சட்டை போட்டுக்கொண்டு திரும்ப வரும் பார். அது திரும்ப வந்தது. சில சொற்களை அவர் தப்பாக உச்சரித்தார். ஒன்றைக்கூடத் தப்பாகப் புரிந்துகொள்ளவில்லை.

இருபத்தொன்பதாவது பக்கத்தில் விரல் நின்றது. முதலில் அக்கா வாய்க்குள் படித்தார். பிறகு கற்பகத்தைக் கூப்பிட்டு அவளையே சத்தமாகப் படிக்கச் சொன்னார். எழுத்தில் தெரிவித்த நாளிலிருந்து முப்பது நாள். சரிசெய்து, செய்ததை எழுத்தில் தெரிவித்தால் போதும்.

அழகிரிசாமி அண்ணாச்சி நாட்களை எண்ணினார். பதின்மூன்று போயிருந்தது.

மறுபடி தவறி இரண்டில் திறந்துவிடாமல் இருக்க, அங்கேயே இரண்டு கணினியிலிருந்து மென்பொருளை நீக்கச் சொன்னார் அக்கா. நீக்கியதைக் கற்பகம் படமெடுத்து வைத்தாள். பிறகு பதில் கடிதம். அக்கா எழுதுவது, நான் திருத்துவது என்று ஏற்பாடு. அண்ணாச்சி தயங்கித் தயங்கி ஒரு யோசனை சொன்னார். மூன்றில் இருந்தது உண்மைதான், ஆனால் ஒரே நேரத்தில் திறக்கவில்லை என்று எழுதிவிட்டால் என்ன?

“அது அவியளுக்குத் தெரியும் அண்ணாச்சி. எந்தக் கம்ப்யூட்டர் எப்பத் திறந்துச்சுன்னு அங்கன பதிவாகும், பதினாறாம் பக்கத்துல இருக்கு. நாம மறைச்சா, முப்பது நாளு நமக்குக் கிடையாது. திறந்தோம்னு சொல்லுங்க. தெரியாம திறந்தோம்னு சொல்லுங்க. இப்ப மூடிட்டோம்னு சொல்லுங்க. அவ்வளவுதான்.”

அவர் கற்பகத்தைப் பார்த்தார். அவள் தலையாட்டினாள்.

கடிதம் ஒன்பது வாக்கியம் வந்தது. நான் வாங்கிப் பார்த்தேன். பள்ளிக்கூடப் பிள்ளை எழுதியதுபோல் இருந்தது. ‘கம்ப்யூட்டர்’ என்ற சொல் எட்டு இடத்தில், ‘ஓப்பன்’ ஐந்து இடத்தில். எனக்குக் கை பரபரத்தது. ஒரு இடத்தில் ‘டிவைஸ்’ என்றும் இன்னொரு இடத்தில் ‘சிஸ்டம்’ என்றும் மாற்றினேன். படிக்க அழகாகிவிட்டது. அக்கா அதைப் பார்த்துவிட்டு இரண்டையும் அடித்தார். மறுபடி ‘கம்ப்யூட்டர்’ என்றே எழுதினார்.

“பத்திரத்துல அவன் கம்ப்யூட்டர்னு போட்டிருக்கான். நாமளும் கடைசி வரைக்கும் அதையே சொல்லணும்ட்டி. இடையில வேற பேரு சொன்னா, இவிய வேற எதையோ சொல்லுதாவன்னு ஒருத்தன் நாளைக்கு வந்து நிப்பான்.”

பதினோரு வருடமாக ஒரு சொல்லை இன்னொன்றாக மாற்றியே சோறு தின்ற பெண் அவர். இந்த ஒரு கடிதத்தில் ஒரு சொல்லைக்கூட மாற்ற விடவில்லை. நான் பேனாவை மூடிவைத்தேன்.

கடிதம் பதிவுத் தபாலிலும் மின்னஞ்சலிலும் போனது. படிவத்தை அனுப்பவில்லை. காத்திருந்த நாட்களில் பட்டறையில் ஒரே கணினியில் மூன்று பேர் முறை வைத்து உட்கார்ந்தார்கள். கற்பகம் காலை ஆறு மணிக்கு, வேலையாள் மதியத்துக்கு, அண்ணாச்சி மாலைக்கு. லேத்தை வாங்க வந்தவரிடம், பொறுங்கள், பத்து நாள் போகட்டும் என்று சொல்லி வைத்தார். வாங்க வந்தவர் விலையைக் குறைத்துவிட்டுப் போனார்.

அக்கா சும்மா இருக்கவில்லை. முப்பத்தொரு நோட்டையும் முதலிலிருந்து புரட்டி, இடது பக்கத்தில் இருந்து வலது பக்கத்தில் காணாமல் போன வாக்கியங்களைத் தேடினார். மதியச் சாப்பாட்டு நேரத்தில், ஒரு கையில் டிபன் டப்பாவோடு. மொத்தம் பதினேழு கிடைத்தன. எல்லாம் முதல் ஐந்து வருடத்துக்குள். எந்தக் கட்டுரை, எந்தத் தேதி, விட்டுப்போன வரி என்ன என்று பட்டியல் போட்டு, வெளிநாட்டு வாடிக்கையாளருக்கு அனுப்பும்படி பூவனநாதனிடம் கொடுத்தார். அவர் தலையில் கை வைத்தார். நாம் தப்புச் செய்தோம் என்று நாமே எழுதிக் கொடுத்தால் அடுத்த வேலை யார் தருவான் என்றார். அவர் பயத்திலும் நியாயம் இருந்தது. மாடியில் வேலை செய்த எங்கள் நான்கு பேர் சம்பளம் அந்த ஒருவரிடமிருந்துதான் வந்தது. அக்கா வாதாடவில்லை. மறுநாள் காலையிலும் அதே பட்டியலை அவர் மேஜையில் வைத்தார். அதற்கு மறுநாளும் வைத்தார். நாலாம் நாள் அவர் அனுப்பினார்.

பதில் வரவில்லை. வேலை மட்டும் வழக்கம்போல் வந்துகொண்டிருந்தது. பதினேழில் மூன்று பக்கங்கள் பிறகு இணையத்திலிருந்து காணாமல் போயின. மற்றவை இன்னும் கிடக்கின்றன. யாராவது நம்பிவிடுவார்களோ என்று அக்கா அடிக்கடி திறந்து பார்ப்பார்.

கடிதம் போன பத்தொன்பதாம் நாள் கற்பகம் கூப்பிட்டாள். மின்னஞ்சல் வந்திருக்கிறது, அப்பா யாரையும் திறக்க விடவில்லை, அக்கா வந்துதான் படிக்க வேண்டுமாம் என்றாள். நாங்கள் ஷேர் ஆட்டோவில் போனோம். பட்டறையில் எந்திரம் எல்லாம் நிறுத்தியிருந்தார்கள். அழகிரிசாமி அண்ணாச்சி சட்டையை மாற்றிக்கொண்டு நின்றார், யாரோ பெரிய மனிதர் வருவதுபோல்.

நான்கு வாக்கியம். அக்கா முதலில் தமக்குள் படித்தார். பிறகு ஒவ்வொன்றாக ஆங்கிலத்தில் படித்து, ஒவ்வொன்றாகத் தமிழில் சொன்னார். உங்கள் கடிதம் கிடைத்தது. பத்திரத்தின் விதிப்படி தவறு உரிய காலத்துக்குள் சரிசெய்யப்பட்டதாக ஏற்கிறோம். முன்பு அனுப்பிய படிவமும் அபராதமும் தேவையில்லை. இனி ஒரே நேரத்தில் ஒரு கணினியில் மட்டுமே திறந்திருக்க வேண்டும்.

அண்ணாச்சி கடைசி வரியை மட்டும் திரும்பச் சொல்லச் சொன்னார். அக்கா சொன்னார்.

“இந்த வரிதானா அது?”

“இதேதான் அண்ணாச்சி.”

அண்ணாச்சி அந்த வரியைத் தாமே ஒருமுறை சொல்லிப் பார்த்தார். தை மாதம் இன்னொரு உரிமம் வாங்கிக்கொள்கிறேன், வாங்கும்போது நீ வந்து படித்துச் சொல்லிவிட்டுத்தான் ‘சம்மதம்’ அழுத்துவேன் என்றார். அக்கா, வாரேன் என்றார். அவ்வளவுதான். கடலைமிட்டாய்ப் பெட்டிக்கான அச்சு இன்னும் முடியவில்லை, நாளை மறுநாள் ஆள் வந்து நிற்பான் என்று சொல்லிக்கொண்டே அவர் போய் எந்திரத்தின் சுவிட்சைப் போட்டார். கற்பகம் திரையில் இருந்த வேலையைச் சேமித்தாள், மென்பொருளை மூடினாள், அது முழுவதும் மூடியதா என்று ஒருமுறை பார்த்துக்கொண்டாள். பிறகு நாற்காலியிலிருந்து எழுந்து அப்பாவைக் கூப்பிட்டாள்.

“நாயனா, நான் மூடிட்டேன். இனி நீங்க திறங்க.”